அம்மா பெயரை விட்டால் 3,84,400 ரூபாய் குறையும்! விபத்து இழப்பீட்டில் குடும்பங்கள் கோட்டைவிடும் இடங்கள்

அரசு மருத்துவமனையின் பிணவறை வாசல். போஸ்ட்மார்ட்டம் முடிய இன்னும் ஒரு மணி நேரம் ஆகும் என்று சொல்லியிருக்கிறார்கள். வேப்பமரத்தடியில் உறவினர்கள் காத்திருக்கிறார்கள். அப்போது முன்பின் தெரியாத ஒருவர் வந்து, கணவரைப் பறிகொடுத்த பெண்ணின் பக்கத்தில் உட்காருகிறார். "கேஸை நாங்க பார்த்துக்கறோம்மா. உனக்கு ஒரு பைசா செலவு இல்ல. இதுல மட்டும் ஒரு கையெழுத்துப் போடு" என்று தாளை நீட்டுகிறார். அதில் ஓர் எழுத்துகூட இல்லை.

சாலை விபத்தில் ஆளை இழந்த பல குடும்பங்களுக்கு இந்தக் காட்சி புதிதல்ல. மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் கணக்குப்படி, 2022-ம் ஆண்டில் மட்டும் இந்தியாவில் 1,68,491 பேர் சாலை விபத்துகளில் இறந்தார்கள். அதில் தமிழ்நாட்டைச் சேர்ந்த மரணங்கள் 17,884. ஒரு நாளைக்குச் சராசரியாக 49 பேர்.

இப்படி இறந்தவர்களில் பலர் வீட்டின் ஒரே சம்பாத்தியம். அவர் போன பிறகு பிள்ளைகளின் படிப்புக்கும் வயதான பெற்றோரின் மருந்துக்கும் மிஞ்சுவது இழப்பீட்டுத் தொகை மட்டும்தான். அந்தத் தொகை எவ்வளவு என்பதை நீதிபதியின் மனசோ வக்கீலின் வாதத் திறமையோ மட்டும் தீர்மானிப்பதில்லை. அதற்கு ஒரு கணக்கு இருக்கிறது. பள்ளிக்கூடத்துப் பெருக்கல், வகுத்தல் தெரிந்த யாரும் போட்டுப் பார்க்கக்கூடிய கணக்கு.

பணம் கொடுக்க வேண்டியது யார்?

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்ள வேண்டும். "அவர் இன்ஷூரன்ஸே எடுக்கலையே, எங்களுக்கு எப்படிப் பணம் வரும்?" என்று கேட்கும் குடும்பங்கள் உண்டு. இங்கே இறந்தவரின் இன்ஷூரன்ஸ் முக்கியமில்லை. மோதிய வண்டியின் இன்ஷூரன்ஸ்தான் முக்கியம்.

சாலையில் ஓடும் ஒவ்வொரு வண்டிக்கும் 'தேர்டு பார்ட்டி' இன்ஷூரன்ஸ் கட்டாயம் என்கிறது 1988-ம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம். பாலிசி எடுத்த உரிமையாளர் ஒரு தரப்பு. இன்ஷூரன்ஸ் கம்பெனி இன்னொரு தரப்பு. அந்த வண்டியால் பாதிக்கப்பட்ட வெளியாள்தான் மூன்றாம் தரப்பு. வண்டி மோதி ஒருவர் இறந்தால், டிரைவரின் தவறுக்கு உரிமையாளர் பொறுப்பு. உரிமையாளர் சார்பில் கம்பெனி பணம் கட்ட வேண்டும். இறப்புக்கான இந்த இழப்பீட்டுக்கு உச்சவரம்பு கிடையாது.

இறந்தவர் பெயரில் எல்.ஐ.சி பாலிசி இருந்து, அதில் பணம் வந்திருந்தாலும் கவலை வேண்டாம். அதை இழப்பீட்டிலிருந்து கழிக்கக் கூடாது என்று 1998-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அது அவர் பிரீமியம் கட்டிச் சேர்த்த பணம்.

ஒரு மேஸ்திரியின் குடும்பக் கணக்கு

கணக்கு புரிவதற்காக ஒரு குடும்பத்தைக் கற்பனை செய்துகொள்வோம். அவர் 34 வயது கட்டட மேஸ்திரி. மாதம் 15,000 ரூபாய் சம்பாத்தியம். காலையில் பைக்கில் வேலைக்குப் போகும்போது பின்னால் வந்த லாரி மோதி இறந்துபோகிறார். வீட்டில் மனைவி, 2 பிள்ளைகள், கணவரை இழந்த தாய்.

இழப்பீட்டைக் கணக்கிடும் முறையை உச்ச நீதிமன்றத்தின் 2 தீர்ப்புகள் ஒழுங்குபடுத்தின. ஒன்று 2009-ல் வந்த சரளா வர்மா வழக்கு. மற்றொன்று 2017 அக்டோபரில் 5 நீதிபதிகள் அமர்வு வழங்கிய பிரனய் சேத்தி வழக்கு. இவற்றின்படி கணக்கு இப்படிப் போகும்.

முதல் படி, வருங்கால உயர்வு. அவர் உயிரோடு இருந்திருந்தால் கூலி உயர்ந்திருக்கும் அல்லவா? சுயதொழில் செய்பவர், நிலையான சம்பளக்காரர் என்றால் 40 வயதுக்குக் கீழ் 40 சதவிகிதம், 40 முதல் 50 வரை 25 சதவிகிதம், 50 முதல் 60 வரை 10 சதவிகிதம் சேர்க்க வேண்டும். நிரந்தர வேலையில் இருந்தவருக்கு இதுவே 50, 30, 15 சதவிகிதம். மேஸ்திரிக்கு 15,000-த்துடன் 6,000 சேர்ந்து 21,000 ஆகிறது. ஆண்டுக்கு 2,52,000 ரூபாய்.

இரண்டாவது படி, சொந்தச் செலவு. அவர் தனக்கென்று செலவழித்திருக்கக்கூடிய தொகையைக் கழிக்க வேண்டும். அவரை நம்பியிருந்தவர்கள் 2 அல்லது 3 பேர் என்றால் மூன்றில் ஒரு பங்கு கழியும். 4 முதல் 6 பேர் என்றால் நான்கில் ஒரு பங்கு. 6 பேருக்கு மேல் என்றால் ஐந்தில் ஒரு பங்கு. கல்யாணம் ஆகாதவர் என்றால் பொதுவாகப் பாதி. மேஸ்திரி வீட்டில் 4 பேர். எனவே 63,000 கழிந்து, குடும்பத்துக்கு மிஞ்சுவது ஆண்டுக்கு 1,89,000.

மூன்றாவது படி, வயதுக்கான பெருக்கல் எண். 15 முதல் 25 வயது வரை 18. அதன் பிறகு 26–30 வயதுக்கு 17, 31–35-க்கு 16, 36–40-க்கு 15, 41–45-க்கு 14, 46–50-க்கு 13. அடுத்து 51–55-க்கு 11, 56–60-க்கு 9, 61–65-க்கு 7, அதற்கு மேல் 5. மேஸ்திரிக்கு 34 வயது என்பதால் 16. ஆக, 1,89,000-ஐ 16-ஆல் பெருக்கினால் 30,24,000 ரூபாய்.

நான்காவது படி, பாசத்துக்கான தொகை. கணவனை, தந்தையை, மகனை இழந்ததற்குத் தலைக்கு 40,000. இறுதிச்சடங்குக்கு 15,000. சொத்திழப்புக்கு 15,000. இந்தத் தொகைகள் 3 ஆண்டுக்கு ஒருமுறை 10 சதவிகிதம் உயர வேண்டும் என்று 2017 தீர்ப்பிலேயே சொல்லப்பட்டிருக்கிறது. 2 உயர்வுகளுக்குப் பிறகு அவை 48,400, 18,150, 18,150. மேஸ்திரி வீட்டில் 4 பேருக்கும் சேர்த்து இது 2,29,900 ரூபாய்.

மொத்தம் 32,53,900 ரூபாய். இதற்கு மேல், மனு போட்ட நாளிலிருந்து வட்டி தனி.

அம்மா பெயர் ஏன் முக்கியம்?

பல வீடுகளில் பிரச்னை ஆரம்பிப்பதே 16-ம் நாள் காரியத்தில்தான். "இவ வந்த நேரம்தான் என் புள்ள போயிட்டான்" என்று மாமியார் ஒரு வார்த்தை விடுவார். மருமகள் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு அம்மா வீட்டுக்குப் போய்விடுவார். அங்கே அண்ணனோ சித்தப்பாவோ, "கிழவி பேரைச் சேர்த்தா பங்கு கேட்கும். உன் பேரும் புள்ளைங்க பேரும் போதும்" என்று யோசனை சொல்வார்.

இப்போது அதே கணக்கை மறுபடி போட்டுப் பார்க்கலாம். தாயை விட்டுவிட்டால் நம்பியிருந்தவர்கள் 3 பேர். கழிவு நான்கில் ஒரு பங்கிலிருந்து மூன்றில் ஒரு பங்காக ஏறிவிடும். ஆண்டுக்கு மிஞ்சுவது 1,68,000. அதை 16-ஆல் பெருக்கினால் 26,88,000. தாய்க்குரிய பாசத் தொகையும் போய்விடும். மொத்தம் 28,69,500 ரூபாய்தான் வரும். குடும்பம் இழப்பது 3,84,400 ரூபாய்.

தாய் வந்து மருமகளின் பங்கைக் குறைக்கிறார் என்பதைவிட, தாய் இருப்பதால்தான் மொத்தத் தொகையே கூடுகிறது என்பதுதான் உண்மை. பணத்தை விடுங்கள், சட்டப்படியும் அவரை ஒதுக்க முடியாது. இந்து வாரிசுரிமைச் சட்டத்தில் மனைவி, பிள்ளைகளைப் போலத் தாயும் முதல் நிலை வாரிசு. பேச்சுவார்த்தை இல்லை, சேர்ந்து கையெழுத்துப் போட மனமில்லை என்றாலும், தாயை எதிர்மனுதாரராகக் காட்டி மனு போடச் சட்டத்தில் வழி இருக்கிறது. யாருக்கு எவ்வளவு என்பதைத் தீர்ப்பாயம் பிரித்துக் கொடுக்கும்.

5,000 ரூபாய் வித்தியாசம், 10 லட்சம் நஷ்டம்

அடுத்த பெரிய ஓட்டை, வருமானச் சான்று. மேஸ்திரிக்கு சம்பளச் சீட்டு ஏது? எந்த ஆதாரமும் இல்லையென்றால் தீர்ப்பாயம் ஓர் உத்தேச வருமானத்தை எடுத்துக்கொள்ளும். அது 15,000-க்குப் பதில் 10,000 என்று வைத்துக்கொண்டால், முதல் 3 படிகளின் முடிவில் வரும் 30,24,000 ரூபாய் 20,16,000 ஆகக் குறைந்துவிடும். மாதம் 5,000 ரூபாய்க்கு ஆதாரம் இல்லாததால் 10,08,000 ரூபாய் நஷ்டம்.

எனவே வீட்டில் எந்தத் தாளையும் தூக்கிப் போடக் கூடாது. கட்டுமானத் தொழிலாளர் நலவாரிய அட்டை, வங்கி பாஸ்புக், ஜிபே வரவுகள், இன்ஜினீயர் கணக்கு எழுதிக் கொடுத்த நோட்டு, வண்டிக் கடன் தவணை கட்டிய ரசீது என எல்லாமே அவர் சம்பாதித்தார் என்பதைச் சொல்லும் சாட்சிகள். வேலை கொடுத்தவரைக் கூண்டில் ஏற்றிச் சொல்லவைக்கவும் முடியும். ஆதாரம் இல்லை என்பதற்காக ஏழையின் வருமானத்தை அடிமட்டத்துக்குக் கொண்டுபோகக் கூடாது என்பதையும் உச்ச நீதிமன்றம் காட்டியிருக்கிறது. 2008-ல் விபத்தில் காலை இழந்த ஒரு காய்கறி வியாபாரிக்கு, சான்று எதுவும் இல்லாத நிலையிலும் மாத வருமானம் 6,500 என்று 2014-ல் அது தீர்மானித்தது.

வயதுச் சான்றிலும் கவனம் வேண்டும். ஆதாரில் பிறந்த தேதி தப்பாக இருப்பது நம் ஊரில் சாதாரணம். ஒரு வழக்கில், இறந்தவருக்குப் பள்ளிச் சான்றிதழ்படி வயது 45, ஆதார்படி 47. பெருக்கல் எண் 14 என்பது 13 ஆகிவிட்டது. பிறந்த தேதிக்கு ஆதார் சான்றாகாது, பள்ளிச் சான்றிதழையே ஏற்க வேண்டும் என்று 2024 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பழைய டி.சி-யைத் தேடி எடுப்பது வீண் வேலை இல்லை.

"சும்மா வீட்டுலதான் இருந்தாங்க"

இறந்தது இல்லத்தரசி என்றால், "அவங்க வேலைக்குப் போகலையே" என்று குடும்பமே சொல்லிவிடுகிறது. மனுவில் வருமானம் என்ற இடத்தைக் காலியாக விட்டவர்களும் உண்டு. 2021 ஜனவரியில் வந்த ஒரு தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் இதை மறுத்தது. இல்லத்தரசியின் உழைப்புக்கு உத்தேச வருமானம் நிர்ணயிக்க வேண்டும், வருங்கால உயர்வும் சேர்க்க வேண்டும் என்றது. 2019-ல் எடுக்கப்பட்ட தேசிய நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பை அந்தத் தீர்ப்பு சுட்டிக்காட்டியது. சம்பளமில்லாத வீட்டு வேலைக்குப் பெண்கள் ஒரு நாளைக்கு சராசரியாக 299 நிமிடம் செலவிடுகிறார்கள். ஆண்கள் 97 நிமிடம்.

கம்பெனி எங்கெல்லாம் கைவிரிக்கும்?

இன்ஷூரன்ஸ் இருந்தாலும் எல்லா வழக்கிலும் கம்பெனி உடனே பணம் கட்டிவிடாது. அது சொல்லும் காரணங்களில் சில செல்லாது. சில செல்லும்.

'டிரைவரிடம் சரியான லைசென்ஸ் இல்லை' என்பது அடிக்கடி வரும் வாதம். 2004-ல் உச்ச நீதிமன்றத்தின் 3 நீதிபதிகள் அமர்வு இதை விரிவாகப் பார்த்தது. அதன் அடிப்படையில், கம்பெனி முதலில் பாதிக்கப்பட்ட குடும்பத்துக்குக் கொடுத்துவிட்டு, பிறகு வண்டி உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ளலாம் என்று பல வழக்குகளில் உத்தரவாகிறது. கார் லைசென்ஸ் வைத்துக்கொண்டு சிறிய லோடு வண்டி ஓட்டியதை வைத்தும் பல ஆண்டுகள் தகராறு நடந்தது. 7,500 கிலோவுக்கு உட்பட்ட சரக்கு வண்டியை அந்த லைசென்ஸிலேயே ஓட்டலாம் என்று 2024 நவம்பரில் 5 நீதிபதிகள் அமர்வு அதற்கு முற்றுப்புள்ளி வைத்தது.

'பைக்கில் 3 பேர் போனார்கள்' என்பது இன்னொரு வாதம். 3 பேர் போனது போக்குவரத்துக் குற்றம்தான். ஆனால், அது விபத்துக்குக் காரணமாக இருந்தது என்று நிரூபிக்காமல், அதைமட்டும் வைத்து இழப்பீட்டைக் குறைக்க முடியாது என்று 2020-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

கம்பெனி உண்மையிலேயே தப்பித்துக்கொள்ளும் இடங்களும் இருக்கின்றன.

கோயில் திருவிழாவுக்கும் வளைகாப்புக்கும் சாவு வீட்டுக்கும் மினி லாரியில், டாடா ஏஸில் ஊரே ஏறிப்போவது நம் வழக்கம். சரக்கு வண்டியில் சும்மா ஏறிப்போகும் பயணிக்கு அந்த வண்டியின் இன்ஷூரன்ஸ் பொறுப்பாகாது என்பது உச்ச நீதிமன்றம் 2002-ல் உறுதி செய்த சட்டம். வண்டி கவிழ்ந்து உயிர் போனால் உரிமையாளரிடம்தான் கேட்க வேண்டும். ஒற்றை வண்டி வைத்துப் பிழைப்பவரிடம் 30 லட்சத்துக்கு எங்கே போவது?

பைக்கின் பின்னால் உட்கார்ந்து போகிறவர்களுக்கும் இதே சிக்கல். எதிரே வந்த வண்டியின் மீது தப்பு என்றால் பிரச்னை இல்லை. ஓட்டியவரே தடுமாறி விழுந்தால், தேர்டு பார்ட்டி மட்டும் எடுத்த பாலிசி பின்னால் இருந்தவருக்கு உதவாது. அவருக்கும் சேர்த்துப் பாதுகாப்பு தரும் பாலிசி வேண்டும்.

தன் தவறால் தானே விழுந்து இறந்தவரின் குடும்பமும் தேர்டு பார்ட்டியில் இழப்பீடு கேட்க முடியாது. இதை 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் மீண்டும் உறுதி செய்தது. இந்த நிலையில் கைகொடுப்பது, உரிமையாளரே ஓட்டும்போது பொருந்துகிற 15 லட்சம் ரூபாய் தனிநபர் விபத்துக் காப்பீடு. பாலிசி புதுப்பிக்கும்போது சில நூறு ரூபாயை மிச்சம் பிடிக்க அதை வேண்டாம் என்று சொல்லிவிடுகிறார்கள் பலர்.

வண்டியை விற்றவர்களுக்கும் ஓர் எச்சரிக்கை. ஆர்.சி புத்தகத்தில் யார் பெயர் இருக்கிறதோ அவர்தான் சட்டப்படி உரிமையாளர் என்று 2018-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. பழைய பைக்கைக் கைமாற்றிவிட்டுப் பெயர் மாற்றாமல் இருந்தால், யாரோ செய்த விபத்துக்கு நஷ்டஈடு கேட்டு சம்மன் உங்கள் வீட்டுக்கு வரும்.

இடித்துவிட்டு ஓடிவிட்டால்?

எந்த வண்டி என்றே தெரியாவிட்டாலும் வழி இருக்கிறது. 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ள மத்திய அரசுத் திட்டத்தில், இடித்துவிட்டு ஓடிய வண்டியால் மரணம் என்றால் 2 லட்சம் ரூபாய், கொடுங்காயம் என்றால் 50,000 ரூபாய் கிடைக்கும்.

வண்டி தெரிந்தும், யார் மீது தப்பு என்பதை நிரூபிக்க முடியாத நிலை வரலாம். அப்போது சட்டத்தின் 164-வது பிரிவின்கீழ் 5 லட்சம் ரூபாய் கேட்கலாம். அதற்குத் தப்பு யாருடையது என்று நிரூபிக்க வேண்டியதில்லை.

மோதியது அரசு பஸ் என்றால் போக்குவரத்துக் கழகமே பணம் கட்ட வேண்டும். அது கட்டத் தவறும்போதுதான் கோர்ட் அமீனா பஸ் ஸ்டாண்டுக்கு வந்து பஸ்ஸை ஜப்தி செய்யும் செய்திகளைப் படிக்கிறோம். தீர்ப்பு வாங்கிய பிறகும் பணத்துக்காக இன்னொரு மனு போட்டு அலைந்த குடும்பம் ஒன்று அந்தச் செய்தியின் பின்னால் இருக்கிறது.

முதல் 6 மாதம்

விபத்து நடந்த 48 மணி நேரத்துக்குள் போலீஸார் முதல் விபத்து அறிக்கையைத் தீர்ப்பாயத்துக்கும் இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கும் அனுப்ப வேண்டும். 90 நாள்களுக்குள் விரிவான அறிக்கை தர வேண்டும். 2022 ஏப்ரல் முதல் இதுதான் விதி. குடும்பம் செய்ய வேண்டியது, எஃப்.ஐ.ஆர் நகலை வாங்கி, அதில் வண்டி எண்ணும் விபத்து நடந்த விதமும் சரியாக இருக்கிறதா என்று படித்துப் பார்ப்பது. போஸ்ட்மார்ட்டம் சான்று, இறப்புச் சான்று, தாசில்தார் தரும் வாரிசுச் சான்று, வண்டியின் ஆர்.சி, இன்ஷூரன்ஸ் நகல், டிரைவரின் லைசென்ஸ் நகல் ஆகியவை அடுத்து வேண்டும்.

மனுவை விபத்து நடந்த 6 மாதத்துக்குள் போட வேண்டும் என்கிறது திருத்தப்பட்ட சட்டம். இந்தக் கெடுவை எதிர்த்த வழக்கில், தாமதத்தைக் காரணம் காட்டி மனுக்களைத் தள்ளுபடி செய்ய வேண்டாம் என்று 2025 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்டது. இடைக்கால உத்தரவை நம்பிக் காத்திருப்பதைவிட 6 மாதத்துக்குள் போடுவதே பாதுகாப்பு. விபத்து நடந்த ஊரில்தான் போட வேண்டும் என்றில்லை. குடும்பம் வசிக்கும் ஊரிலேயே போடலாம்.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லையென்றால், மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பு இல்லாமல் இலவச வக்கீல் கிடைப்பார். 15100 என்ற எண்ணில் கேட்கலாம்.

லோக் அதாலத்தில் சமரசம் பேசினால் வழக்கு சீக்கிரம் முடியும். ஆனால் அங்கே ஒப்புக்கொண்ட தொகையை எதிர்த்து மேல்முறையீடு செய்ய முடியாது. தீர்ப்பாயத்தின் தீர்ப்பு என்றால் 90 நாளுக்குள் உயர் நீதிமன்றம் போகலாம். அதனால் லோக் அதாலத்தில் கையெழுத்துப் போடுவதற்கு முன்பு, மேலே பார்த்த 4 படிக் கணக்கைப் போட்டு வைத்துக்கொள்ள வேண்டும். 32 லட்சம் வரவேண்டிய இடத்தில் 12 லட்சத்தை, 'கைமேல் காசு' என்று வாங்கிக்கொண்டு வந்தால் பிறகு யாரும் எதுவும் செய்ய முடியாது.

பிள்ளைகளின் பங்கை 18 வயது ஆகும்வரை வங்கியில் டெபாசிட் செய்யத் தீர்ப்பாயம் உத்தரவிடும். அதை அவசரப்பட்டு எடுக்கச் சொல்லும் சொந்தக்காரர்கள் வருவார்கள். படிப்புக்கோ மருத்துவத்துக்கோ உண்மையிலேயே தேவைப்பட்டால், தீர்ப்பாயத்தில் மனு போட்டு அனுமதி வாங்கி எடுக்கலாம்.

பிணவறை வாசலில் நீட்டப்படும் வெற்றுத்தாளில் அன்றைக்குக் கையெழுத்துப் போட வேண்டிய அவசியம் எந்தச் சட்டத்திலும் இல்லை. உடலை வாங்க அந்தத் தாள் தேவையில்லை. வழக்குப் போட 6 மாதம் இருக்கிறது. அன்றைக்கு அந்தப் பெண்ணின் பக்கத்தில் இருக்கும் தம்பியோ பக்கத்து வீட்டு அக்காவோ, "அப்புறம் பார்த்துக்கலாம், நீங்க போங்க" என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். காரியமெல்லாம் முடிந்த பிறகு மாமியாரும் மருமகளும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து கணக்குப் போட்டுக்கொள்ளலாம்.